'மூலத்துக்கு மாறாமை' என்னும் மயக்கம்: கிரீஷ் காசரவள்ளியின் திரைப்பணியும் தமிழாய்வின் அளவுகோலும்

முன்னுரை

தமிழ்த்துறைகளில் திரைப்படம் குறித்து நிகழும் ஆய்வுகள் பெரும்பாலும் இரு தடங்களிலேயே செல்கின்றன. ஒன்று, திரைப்பாடல்களைத் தொகுத்து அவற்றில் உவமையும் தொடையும் வாழ்வியற் கருத்துகளும் தேடுவது. மற்றொன்று, ஒரு நாவலையும் அதன் திரைவடிவத்தையும் அருகருகே வைத்துச் சேர்க்கப்பட்டவை, விடப்பட்டவை, மாற்றப்பட்டவை என அட்டவணையிடுவது. முதலாவது தடம் குறித்து இங்குப் பேச்சில்லை. இரண்டாவது தடம் ஆய்வு என்னும் பெயருக்கே உரியதன்று என்பதும், அது நம்முடைய இலக்கண மரபுக்கே முரணானது என்பதும் இக்கட்டுரையின் வாதமாகும்.

சில ஆண்டுகளுக்கு முன்னர், முனைவர் பட்ட வாய்மொழித் தேர்வொன்றில் பார்வையாளனாக அமர்ந்திருந்தேன். நாவலும் திரைப்படமும் பற்றிய ஆய்வு. புறத்தேர்வாளர், "மூலத்திலிருந்து படம் எத்தனை இடங்களில் வழுவியிருக்கிறது?" என வினவினார். "இருபத்து மூன்று இடங்களில், ஐயா" என்றார் ஆய்வாளர். அவை நிறைவுற்றது. அந்த இருபத்து மூன்றும் ஏன் நிகழ்ந்தன என்று எவரும் கேட்கவில்லை. 'வழுவியிருக்கிறது' என்ற சொல்லிலேயே தீர்ப்பு வழங்கப்பட்டுவிட்டதனால், காரணம் தேடும் தேவை அங்கு எழவில்லை.

இவ்வளவுகோலைச் சோதித்துப் பார்ப்பதற்கு ஏற்ற சான்று நம் அண்டை நகரமாகிய பெங்களூருவில் இருக்கிறது. ஏறத்தாழ முழுமையும் கன்னட இலக்கியத்திலிருந்தே தம் படங்களை ஆக்கிக்கொண்டவரும், அவற்றுக்குத் தாமே திரைக்கதை எழுதி இயக்கியவருமான கிரீஷ் காசரவள்ளியின் பணியே அது.

ஒரு வாசகரின் திரைவாழ்வு

1950ஆம் ஆண்டு சிவமொக்கா மாவட்டம் தீர்த்தஹள்ளி வட்டத்தில் பிறந்த காசரவள்ளி, மணிப்பாலில் மருந்தியல் பயின்றவர். ஹெக்கோடு என்னும் சிற்றூரில் 'நீநாசம்' அமைப்பை உருவாக்கிய கே.வி.சுப்பண்ணா இவருடைய தாய்மாமன். மருந்தியலை விடுத்துப் புணே திரைப்படக் கல்லூரியில் சேர்ந்த இவர், பி.வி.காரந்த் இயக்கிய 'சோமன துடி' (1975) படத்தில் உதவி இயக்குநராகப் பணியாற்றினார். 1977இல் யு.ஆர்.அனந்தமூர்த்தியின் கதையைக் கொண்டு 'கடஸ்ராத்தா' என்னும் முதற்படத்தை இயக்கினார். அது அவ்வாண்டின் சிறந்த இந்தியத் திரைப்படத்துக்கான தங்கத் தாமரையைப் பெற்றது. பின்னர் 'தபரன கதெ' (1986), 'தாயி சாஹேபா' (1997), 'த்வீபா' (2002) ஆகிய மூன்றும் அதே விருதைப் பெற்றன. பத்மஸ்ரீ 2011இல் வழங்கப்பெற்றது.

விருதுகளின் எண்ணிக்கை இங்கு வாதமாகாது. அவர் தேர்ந்தெடுத்த மூலங்களின் நிரலே கருதத்தக்கது. அனந்தமூர்த்தி, யஷ்வந்த் சித்தால், பூர்ணசந்திர தேஜஸ்வி, நா.டிசோசா, பானு முஷ்டாக், எஸ்.எல்.பைரப்பா, வைதேகி, கும்.வீரபத்ரப்பா என விரியும் இந்நிரலில் தம்முள் ஒவ்வாத கொள்கையினர் பலர் உளர். நவ்யம், தலித்-பண்டாயம், பெண்ணெழுத்து, மரபுச் சார்பு ஆகிய அனைத்தும் இதனுள் அடங்குகின்றன. நாற்பதாண்டுக் காலக் கன்னடப் புனைகதையை ஒருவர் எவ்வாறு படித்தார் என்பதற்கு இப்படங்களே சான்றாவணம். பானு முஷ்டாக்கின் 'கரி நாகரகளு' கதையை அவர் 'ஹசீனா' எனப் படமாக்கியது 2004இல். அக்கதையையும் உள்ளடக்கிய ஆங்கில மொழிபெயர்ப்புத் தொகுதி அனைத்துலகப் புக்கர் பரிசைப் பெற்றது 2025இல். உலகம் அவ்வெழுத்தைக் கண்டறிவதற்கு இருபத்தோராண்டுகள் முன்னரே ஒரு திரைக்கதையாசிரியர் அதனைக் கண்டறிந்திருந்தார். இது திறனாய்வாளர் செய்யவேண்டிய பணியன்றோ?

வழுவா, விகற்பமா?

இனி, அட்டவணை முறையை இப்படங்களுக்குப் பொருத்திப் பார்ப்போம். வைதேகியின் சிறுகதை, சிற்றூர் ஒன்றுக்குத் திரையரங்கு வருவதையும் அது பெண்களின் வாழ்வில் எழுப்பும் அசைவையும் சொல்வது. காசரவள்ளியின் 'குலாபி டாக்கீஸ்' (2008) படத்தில் திரையரங்கு மையமன்று. கதை கடற்கரை மீனவர் குடியிருப்புக்கும், கார்கில் போர்க்காலமாகிய 1990களின் இறுதிக்கும் நகர்த்தப்பட்டிருக்கிறது. மருத்துவச்சி குலாபி ஒரு முஸ்லிம் பெண். பேறு பார்த்ததற்குக் கைம்மாறாக அவள் குடிசைக்கு வண்ணத் தொலைக்காட்சியும் டிஷ் ஆண்டெனாவும் வந்து சேர்கின்றன. அயலகப் பெண்கள் அவள் வீட்டில் கூடுகிறார்கள். மீன்பிடித் தொழிலில் பெருமுதல் நுழைந்த பின்னர் எழும் பகை, மதப்பகையாகத் திரிந்து, இறுதியில் குலாபி ஊரிலிருந்து அகற்றப்படுகிறாள்.

அட்டவணை ஆய்வாளர் இதில் காலம், களம், சமயம், ஊடகம், முடிவு என ஐந்து 'வழு'க்களைக் காண்பார். நாம் காணவேண்டுவது யாது? மூலக்கதை எழுப்பிய வினா, 'புதியதொரு காட்சிக் கருவி ஊருக்குள் வரும்போது, அதுவரை ஒன்றுகூட இடமற்றிருந்த பெண்களுக்கு என்ன நேர்கிறது?' என்பது. திரையரங்கு அக்கேள்வியைத் தாங்கிய காலம் போய்விட்டது. 1990களின் இறுதியில் அக்கேள்வியைத் தாங்கவல்ல கருவி தொலைக்காட்சியே. அன்றியும், போர்ச் செய்தியை வீட்டுக்குள் கொணர்ந்து அண்டை வீட்டாரை அயலாராக்கிய கருவியும் அதுவே. ஆகவே, பெண்களைக் கூட்டிய கருவியே அவர்களைப் பிரிக்கும் முரண் இம்மாற்றத்தினாலேயே பிறக்கிறது. இம்மாற்றம் இல்லையேல் படத்துக்குப் பொருளே இல்லை.

பைரப்பாவின் நாவலை அடியொற்றிய 'நாயி நெரளு' (2006) மற்றொரு சான்று. இறந்த கணவன் இளைஞனாக மறுபிறவி எடுத்து வந்துள்ளான் என்ற நம்பிக்கையே கதைக்கரு. மறுபிறவி உண்மையா, பொய்யா என்பதைத் தீர்த்துவைக்கப் படம் முயலவில்லை. ஊரார் அவள்மீது சுமத்தும் அந்நம்பிக்கையைக் கைம்பெண் ஒருத்தி தன் வாழ்வை மீட்டுக்கொள்வதற்கான வழியாக எங்ஙனம் ஆக்கிக்கொள்கிறாள் என்பதையே அது பின்தொடர்கிறது. நிகழ்ச்சிகளைவிட, அவற்றை நோக்கும் கண் மாறிவிடுகிறது. இத்தகைய மாற்றம் எந்த அட்டவணைக் கட்டத்துள்ளும் அடங்குவதில்லை.

நம் இலக்கணம் சொல்வது

வியப்பு என்னவெனில், இவ்வாறு எண்ணிப் பார்ப்பதற்கான கருத்துக்கருவிகளை அயலகத்தினின்று நாம் கடன்பெற வேண்டியதில்லை. தொல்காப்பிய மரபியல், நூலை முதல், வழி என இருவகைப்படுத்தி, வழிநூலைத் தொகுத்தல், விரித்தல், தொகைவிரி, மொழிபெயர்ப்பு என நான்காகப் பகுக்கிறது. பவணந்தியார் இதனை மேலும் நுணுக்குகிறார். முன்னோர் நூலின் முடிபோடு ஒத்து, அதே வேளையில் பின்னோன் தான் வேண்டும் வேறுபாடுகளையும் கூறுவது வழிநூல் என்றும், முன்னூல்களோடு ஒருபுடை ஒத்து ஏனையவற்றில் வேறுபட்டு நிற்பது சார்புநூல் என்றும் நன்னூல் வரையறுக்கிறது.

வேறுபடுதல் பின்னோனின் உரிமை என்பது இதனால் பெறப்படும். அது பிழையாகவோ மன்னிக்கத்தக்க குறையாகவோ சொல்லப்படவில்லை. வழிநூலின் இலக்கணத்துக்குள்ளேயே அடங்கிய ஓர் உறுப்பாக அது வைக்கப்பட்டுள்ளது. இவ்விதிகள் இலக்கண, சாத்திர நூல்களை நோக்கி எழுந்தவை என ஒருவர் மறுக்கக்கூடும். ஆயினும் கம்பனை வழிநூலாசிரியனாக வைத்துப் போற்றும் வழக்கம் நம்முடையதே. இராவணன் சீதையைத் தீண்டாது பர்ணசாலையோடு நிலத்தைப் பெயர்த்தெடுத்துச் சென்றான் எனக் கம்பன் பாடியதை வான்மீகியிடமிருந்து 'வழுவியது' என எந்தத் தமிழ்த்துறையும் கூறியதில்லை. தமிழ்ப்பண்பாட்டை உணர்த்தும் மாற்றம் என்றே நூற்றுக்கணக்கான கட்டுரைகளில் எழுதியிருக்கிறோம். கம்பனுக்கு வழங்கிய உரிமையைத் திரைக்கதையாசிரியனுக்கு மறுப்பது எந்த நெறி? பல நூற்றாண்டு முதிர்ச்சி வேண்டுமெனில், அதனையாவது வெளிப்படையாகச் சொல்லிவிடலாம்.

இவ்வகைப்பாடு வெறும் பெயர்சூட்டலன்று, ஆய்வுக்குப் பயன்படுவது. 'தபரன கதெ'யை வழிநூல் எனக் கொண்டால், முடிபு ஒத்திருக்கையில் விகற்பம் எங்கே அமைகிறது எனத் தேட வேண்டும். 'குலாபி டாக்கீஸ்' சார்புநூல் எனக் கொண்டால், ஒத்த அந்த ஒருபுடை யாது எனத் தேட வேண்டும். இரண்டும் வெவ்வேறு வினாக்கள். அட்டவணை முறையோ இரண்டு படங்களையும் ஒரே கோலால் அளந்து, ஒன்றுக்குக் குறைந்த மதிப்பெண்ணும் மற்றதற்குக் கூடிய மதிப்பெண்ணும் இடுவதோடு நின்றுவிடுகிறது.

சில மறுப்புகளும் விடைகளும்

திரைப்படம் காட்சிக்கலை; அதில் இலக்கியத் துறைக்கு வேலை இல்லை என்பது முதல் மறுப்பு. முத்தமிழ் என மேடைதோறும் முழங்கிவிட்டு, நாடகத்தமிழின் வழித்தோன்றலை வாயிலிலேயே தடுப்பது பொருந்துமா? அரங்கேற்று காதையின் அரங்க அளவுகளையும் ஒளி, திரை அமைப்புகளையும் நுணுகி ஆராயும் நாம், ஒளியும் திரையும் கொண்டே அமைந்த கலையைக் காண மறுப்பது விந்தை. திரைக்கதை என்பது எழுதப்பட்ட பனுவல். அதற்குச் சொல்லும் உண்டு. சொல்லாது விடுவதும் உண்டு.

கன்னடப் படத்தால் தமிழாய்வுக்கு என்ன பயன் என்பது இரண்டாவது மறுப்பு. 'தபரன கதெ'யில் ஓய்வூதியத்துக்காக அலுவலகம் அலுவலகமாக அலைந்து, நோயுற்ற மனைவியைக் காக்க இயலாமற்போகும் தபர செட்டியாக நடித்துத் தேசிய விருது பெற்றவர் நம் பரமக்குடி சாருஹாசன். 'த்வீபா'வைத் தயாரித்து நடித்த சௌந்தர்யாவைத் தமிழ் மக்கள் 'அருணாச்சலம்', 'படையப்பா' வழியே அறிவர். கன்னட மாற்றுத் திரைப்படத்தின் தொடக்கமெனப்படும் 'சம்ஸ்காரா'வை (1970) உருவாக்கிய பட்டாபிராம ரெட்டியும் சிநேகலதா ரெட்டியும் சென்னையின் நாடக வட்டத்திலிருந்து வந்தவர்கள். அதன் கலை இயக்குநர் எஸ்.ஜி.வாசுதேவ் சோழமண்டல ஓவியர் கிராமத்தைச் சார்ந்தவர். அப்படத்துக்கு முதலில் தடை விதித்த தணிக்கை அலுவலகமும் சென்னையில் இருந்ததே. இரு மாநிலங்களுக்கிடையே ஆற்றுநீர் பற்றியும் சிலை பற்றியும் மட்டுமே வழக்கு உண்டு என எண்ணுவோர், இக்கொடுக்கல் வாங்கலையும் கணக்கில் கொள்ள வேண்டும்.

இத்தகைய படங்களை எத்தனை பேர் பார்த்தார்கள் என்பது மூன்றாவது மறுப்பு. இதில் உண்மை உண்டு. காசரவள்ளியின் படங்கள் பல திரையரங்குகளில் நீடித்து ஓடியவை அல்ல. திரைப்படக் கழகங்களும் விழாக்களுமே அவற்றின் முதன்மைக் களங்கள். ஆயினும் பார்வையாளர் தொகையை மதிப்பின் அளவாக்கும் தகுதி தமிழாய்வாளர்க்கு இல்லை. 1892இல் உ.வே.சா. பதிப்பிக்கும் வரை சிலப்பதிகாரத்தை முழுமையாகக் கற்றோர் எத்தனை பேர்? ஏட்டுச்சுவடி ஒன்றைக் காத்துவைத்த ஒரு குடும்பமே ஒரு காப்பியத்தின் வாசகர் உலகமாக இருந்ததுண்டு.

சுயாதீனம் என்பதன் பொருள்

எதிர்த்தரப்பாரோடு மட்டுமன்றி, என் தரப்பாரோடும் எனக்கு ஒரு வழக்கு உண்டு. சுயாதீனத் திரைப்படம் எனில் வணிகத் திரைப்படத்தின் நிழல் படாத தூய்மை என அவர்கள் எழுதுகின்றனர். காசரவள்ளியின் பணி இதனை மெய்ப்பிக்கவில்லை. தங்கத் தாமரை பெற்ற நான்கனுள் 'தாயி சாஹேபா'வைத் தயாரித்து நடித்தவர் ஜெயமாலா. 'த்வீபா'வைத் தயாரித்து நடித்தவர் சௌந்தர்யா. இருவரும் வெகுமக்கள் திரைப்படத்தில் புகழும் பொருளும் ஈட்டிய நடிகையர். வணிகப் படத்தில் நாயகனின் அணிகலனாக நிறுத்தப்பட்ட பெண்கள், தம் உழைப்பின் ஊதியத்தைக் கொண்டு, பெண்ணை மையமாக்கிய படங்களுக்கு முதலிட்டனர் என்பதே வரலாறு.

'த்வீபா'வில் அணைநீர் சூழ்ந்த மேட்டில், பெருமழை இரவில் உறங்காது போராடி வீட்டைக் காப்பவள் நாகி. விடிந்ததும் அவள் கணவன் அப்பெருமையைத் தெய்வத்துக்கு உரியதாக்கிவிடுகிறான். அவள் உழைப்பு கணக்கில் ஏறுவதில்லை. அப்படத்தைத் தயாரித்த நடிகையின் பெயரை விட்டுவிட்டு, 'சுயாதீன இயக்குநரின் தனித்துணிவு' என எழுதும் திறனாய்வாளர் நாகியின் கணவன் செய்ததையே செய்கிறார். சௌந்தர்யா 2004 ஏப்ரலில் பெங்களூருவில் நேர்ந்த விமான விபத்தில் மறைந்தார். அவர் பணியைக் குறித்துத் தமிழில் எழுதப்பட்டவற்றுள் 'த்வீபா'வுக்குக் கிடைத்த இடத்தைத் தேடிப் பார்ப்பவர் நான் சொல்வதை உணர்வர்.

ஆகவே சுயாதீனம் என்பது பணமின்மையுமன்று, தனிமையுமன்று. எதைச் சொல்வது, எப்படிச் சொல்வது என்னும் முடிவு எழுதி இயக்குபவன் கையில் இருப்பதே சுயாதீனம். அம்முடிவைக் காத்துக்கொடுத்தவை அரசின் மானியம், தயாரிப்பாளரின் நம்பிக்கை, பெங்களூரு 'சுசித்ரா' போன்ற திரைப்படக் கழகங்கள், படம் வந்ததும் அதனோடு வாதிட முன்வந்த கன்னட எழுத்தாளர் உலகம் ஆகிய நான்குமாம்.

1977: இரண்டு படங்கள்

இங்குத்தான் நம் இழப்பு புலப்படும். 'கடஸ்ராத்தா' தங்கத் தாமரை பெற்ற அதே ஆண்டுக்குரிய தேசிய விருதுகளில், சிறந்த தமிழ்ப்படமாகத் தேர்வானது 'அக்கிரகாரத்தில் கழுதை'. இயக்கியவர் ஜான் ஆபிரகாம். திரைக்கதை எழுதியவர் வெங்கட் சாமிநாதன். ஒன்றில், கருவுற்ற இளங்கைம்பெண் யமுனாவை உயிரோடிருக்கும்போதே இறந்தவளாக்கிச் சடங்கு செய்து விலக்குகிறது வைதிகச் சமூகம்; வேதம் பயில வந்த சிறுவன் நாணி அதனைப் பார்த்து நிற்கிறான். மற்றொன்றில், வாய் பேசாத பெண்ணொருத்தியின் துயரத்துக்கும் ஊரின் குற்றங்களுக்கும் ஒரு கழுதை பொறுப்பாக்கப்பட்டுக் கொல்லப்படுகிறது. பின்னர் அதுவே வழிபடுபொருளாகிறது. ஒரே காலத்தில், ஒத்த களத்தில், ஒன்று துயரத்தின் வழியாகவும் மற்றொன்று எள்ளலின் வழியாகவும் ஒரே வினாவைத் தொடுத்தன. ஒப்பிலக்கிய ஆய்வுக்கு இதனினும் சிறந்த இணை அரிது.

அதன்பின் நேர்ந்தது யாது? காசரவள்ளி 2020 வரை பதினைந்தை ஒட்டிய படங்களை ஆக்கினார். ஜான் ஆபிரகாம் மலையாளத்துக்குத் திரும்பி 1987இல் மறைந்தார். வெங்கட் சாமிநாதன் விமர்சகராகவே அறியப்பட்டு, முதுமையில் பெங்களூருவில் வாழ்ந்து, 2015 அக்டோபரில் அங்கேயே மறைந்தார். அவருடைய விமர்சனத்தை ஏற்றும் மறுத்தும் எழுதிய நம் துறைகள், அவரைத் திரைக்கதையாசிரியராக எங்கும் வைத்து ஆராயவில்லை. 'உன்னைப்போல் ஒருவன்' (1965) படத்தைத் தாமே எழுதி இயக்கிய ஜெயகாந்தனைப் பற்றி வந்த ஆய்வேடுகளிலும் அப்படம் பெரும்பாலும் வாழ்க்கைக் குறிப்பில் ஒரு வரியாகவே நிற்கிறது. வண்ணநிலவன் திரைக்கதையில் பங்கேற்ற 'அவள் அப்படித்தான்' (1978) படத்தை இயக்கிய ருத்ரையா இரண்டு படங்களோடு நின்றுபோய் 2014இல் மறைந்தார்.

ருத்ரையாவுக்குத் திறன் குறைவு என எவரும் கூறார். காசரவள்ளிக்கு வாய்த்த நான்கு துணைகளுள், மானியம் ஓரளவு இங்கும் உண்டு. துணிந்த தயாரிப்பாளர் சிலரும் இங்கும் உளர். திரைப்படக் கழகங்களும் இருந்தன. நான்காவதாகிய, படத்தைப் பனுவலாகக் கருதி வாதிடும் எழுத்துலகமே இங்கு மெலிந்து கிடந்தது. அதனுள் தமிழ்த்துறைகளின் பங்கு சிறிதன்று. இரண்டு படங்களோடு நிற்க நேர்ந்ததற்கு நாம் மட்டுமே காரணம் என்று சொல்லவில்லை. நாம் காரணமே அல்லர் என்று சொல்வதற்கும் இடமில்லை.

முடிவுரை

'கடஸ்ராத்தா' படச்சுருள் மீட்டெடுக்கப்பட்டு 2024இல் வெனிஸ் திரைப்பட விழாவின் செவ்வியல் பிரிவில் திரையிடப்பட்டது. இந்தியத் திரைப்படப் பாரம்பரிய அறக்கட்டளையொன்றும் அயலக அமைப்புகளும் கைகோத்து ஆற்றிய பணி அது. படச்சுருள்களும் நம் காலத்துச் சுவடிகளே. கறையானுக்கு மாற்றாக வேதிச்சிதைவு அவற்றை அரிக்கிறது. சுவடிப் பதிப்பில் ஒரு நூற்றாண்டுப் பயிற்சியுள்ள தமிழ்த்துறைகள், எழுத்தாளர் பங்கேற்ற தமிழ்த் திரைக்கதைகளின் கைப்படிகளையும் படப்பிடிப்புப் படிகளையும் தேடித் தொகுத்து, பாடவேறுபாடுகளோடு பதிப்பிக்க முன்வர வேண்டும். மூலக்கதை, திரைக்கதை, முடிந்த படம் என்னும் மூன்றையும் முதல், வழி, சார்பு என்னும் நம் கோட்பாட்டின் வெளிச்சத்தில் கற்பிக்கும் தாள் ஒன்று முதுகலைப் பாடத்திட்டத்தில் இடம்பெற வேண்டும். எழுதி இயக்குபவரின் படங்கள் அனைத்தையும் ஒரு படைப்பாளியின் நூல்தொகை போல முழுமையாக நோக்கும் ஆய்வேடுகள் எழ வேண்டும்.

அன்று அவ்வாய்மொழித் தேர்வில் கேட்கப்படாத வினாவை இனி வரும் தேர்வாளரேனும் கேட்பாராக: "இருபத்து மூன்று இடங்கள் என்றீர்கள், பின்னோன் அவற்றை ஏன் வேண்டினான்?" அவ்வினாவுக்கு விடையிறுக்கத் தெரிந்த ஆய்வாளரே நன்னூலைக் கற்றவர் ஆவார்.